மூன்று கோடு போட்ட பன்

குண்டான் மூடியின் மேல் இருந்த தணலைத் தள்ளிவிட்டு, இடுக்கியால் மூடியைத் தூக்கினேன். உள்ளே பத்து பன்கள். நன்றாக உப்பி, மேலே செம்பழுப்பாகச் சிவந்து, கிராம்பும் ஜாதிக்காயும் மணக்க, பார்த்த உடனே பசி எடுக்கிற மாதிரி இருந்தன.

ஒவ்வொன்றின் நெற்றியிலும், நெற்றி என்றுதான் சொல்ல வேண்டும், வெள்ளை வெளேரென்று மூன்று கோடு. படுக்கை வசத்தில், இந்த ஓரத்திலிருந்து அந்த ஓரம் வரை. பத்தும் குளித்துவிட்டு, விபூதி பூசிக்கொண்டு, கோயிலுக்குப் புறப்பட்ட மாதிரி இருந்தன.

அன்று புனித வெள்ளி. அந்தப் பன்கள் சர்ச்சுக்குப் போக வேண்டியவை. அவற்றின் மேல் இருக்க வேண்டியது சிலுவை.

பின்னால் என் மாமியார் கன்னியம்மா, மைதா ஒட்டிய மூன்று விரல்களையும் முந்தானையில் துடைத்துக்கொண்டு நின்றார்.

"அல்லாத்துக்கும் வெச்சிட்டேன் ரூபி. அறுவதுல ஒண்ணு கூட வுடல" என்றார். அந்த முகத்தில் அப்படி ஒரு திருப்தி.

கம்பத்திலிருந்து விழுந்தவர்

போன வாரத் தொடரை, என் கணவர் ஏழுமலை டெலிபோன் கம்பத்திலிருந்து விழுந்து காலை உடைத்துக்கொண்டதோடு நிறுத்தியிருந்தேன். புதிதாகப் படிப்பவர்களுக்கு இரண்டு வரி சொல்லிவிடுகிறேன்.

நான் திருவண்ணாமலை டெலிபோன் எக்சேஞ்சில் ஆபரேட்டர். அவர் லைன்மேன். கம்பத்தின் உச்சியில் உட்கார்ந்து, கம்பியில் கையோடு கொண்டுபோன போனை மாட்டி, "ஹலோ ரூபி மேடம், லைன் கிளியரா இருக்குதா?" என்று கேட்பார். கிளியராகத்தான் இருக்கும். ஐந்து நிமிடம் கழித்து மறுபடியும் கேட்பார். எங்கள் ஊரில் செங்கம் ரோடு லைனைப் போல அத்தனை முறை சோதித்துப் பார்க்கப்பட்ட லைன் இன்னொன்று இருந்திருக்காது.

எழுபதுகளின் நடுவில் ரிஜிஸ்டர் ஆபீசில் கல்யாணம் செய்துகொண்டோம். நான் சர்ச்சிலேயே வளர்ந்தவள். அவர் அடி அண்ணாமலையில் நிலம் வைத்திருக்கும் குடும்பம். இரண்டு பக்கத்திலிருந்தும் ஒரு ஈ காக்கை வரவில்லை. என் அம்மா அதற்கு முன்பே போய்விட்டார். அவருடைய அம்மா மூன்று வருடம் எங்கள் வாசலை மிதிக்கவில்லை.

கால் உடைந்த செய்தி கேட்டு, ஒரு மூட்டைக் கேழ்வரகு மாவோடு வந்து நின்றார். மகனிடம், "வலிக்குதாடா?" என்று கேட்டார். என்னிடம், "உல வெச்சிட்டியா?" என்று கேட்டார். மூன்று வருடத்தில் எங்களுக்குள் நடந்த முதல் பேச்சு அதுதான். நான் இல்லை என்றேன். அவர் நேராக அடுப்படிக்குப் போய்விட்டார்.

கால் கட்டு பிரிக்கிற வரை இருப்பதாகத்தான் ஏற்பாடு.

பன் வேண்டும், நான் வேண்டாம்

இந்தப் பன் எப்படி எங்கள் ஊருக்கு வந்தது என்று சொல்ல வேண்டும். மிஷன் பங்களாவில் ஒரு வெள்ளைக்காரத் துரைசானி இருந்தார். புனித வெள்ளியன்று மூன்று மணி நேர ஆராதனை முடிந்ததும், பட்டினியோடு உட்கார்ந்திருக்கும் சபையாருக்குத் தலைக்கு ஒரு பன் கொடுப்பது அவர் வழக்கம். 'துரைசானி பன்' என்று பேர். பிசைந்தது, அடித்தது, உருட்டியது எல்லாம் என் அம்மா. பேர் மட்டும் துரைசானிக்கு.

துரைசானி கப்பல் ஏறிய பிறகு பங்களாவின் பெரிய அடுப்பும் போய்விட்டது. அம்மா விடவில்லை. வீட்டிலேயே குண்டானில் மணலைக் கொட்டிச் சுட ஆரம்பித்தார். புனித வெள்ளியன்று சர்ச்சில் ஊற்றும் கஞ்சியோடு அம்மாவின் பன்னும் நிலைத்துவிட்டது. அம்மாவுக்குப் பிறகு அது என் வேலை ஆயிற்று. யாரும் சொல்லிக் கொடுக்கவில்லை, யாரும் கேட்கவும் இல்லை. நானே எடுத்துக்கொண்டேன்.

என் கல்யாணத்துக்குப் பிறகு சபைக் கமிட்டி கூடி, நான் புறமதத்தானைக் கட்டிக்கொண்டதால் திருவிருந்துப் பந்தியிலிருந்து நிறுத்தி வைப்பதாகத் தீர்மானம் போட்டது. சர்ச்சுக்கு வரலாம், பாடலாம், காணிக்கை போடலாம். ஆனால் அப்பமும் திராட்சை ரசமும் வாங்க முன்னால் போய் முழங்கால் படியிடக் கூடாது. மற்றவர்கள் எழுந்து போகும்போது நான் கடைசி பெஞ்சில் தனியாக உட்கார்ந்திருப்பேன். ஒவ்வொரு மாதமும் முதல் ஞாயிறு இந்தக் கூத்து.

அவமானமாக இருந்தது என்று சொன்னால் போதாது. பசித்தது. ஆறு வயதில் இருந்து ஏங்கி, பதினாறு வயதில், பந்திக்கு உரிமை தருகிற திடப்படுத்தல் எடுத்து வாங்கிய அப்பம் அது. அதைப் பிடுங்கிக்கொண்டார்கள்.

இதில் வேடிக்கை என்னவென்றால், என் பன்னை யாரும் நிறுத்தி வைக்கவில்லை. மூன்று வருடமும் புனித வெள்ளிக்கு முந்தின வாரம் சபைச் செயலர் ஆள் அனுப்புவார். "இந்தத் தரம் கிஸ்மிஸ் கொஞ்சம் ஜாஸ்தியா போடச் சொன்னாரு" என்பார்கள். என் கையால் சாப்பிடலாம், என்னோடு சாப்பிடக் கூடாது!

செயலர் பேரைச் சொல்லப் போவதில்லை. அவருடைய பேத்தி இந்தத் தொடரைப் படிக்கிறாள், நல்ல பெண்.

அரைத் தாள்

அந்த வருடம் ஈஸ்டருக்கு முந்தின வாரம், குருத்தோலை ஞாயிறன்று, செயலர் என்னைக் கூப்பிட்டு ஒரு அரைத் தாளைக் கொடுத்தார்.

"கமிட்டி மனசு எறங்கிடுச்சும்மா. ஈஸ்டர் அன்னிக்கி பந்திக்கு முன்னால சபை எதிர்ல நின்னு இதைப் படிச்சிடு. அன்னிக்கே சேத்துக்குவோம்."

அவருடைய குண்டுக் கையெழுத்தில் நான்கு வரி. நான் அவிசுவாசியை மணந்து பாவம் செய்தேன், அதற்காக வெட்கப்படுகிறேன், சபை என்னை மன்னிக்க வேண்டும்.

இப்போது எழுதும்போது கோபம் வருகிறது. அப்போது வரவில்லை. உண்மையைச் சொல்கிறேன், சந்தோஷமாக இருந்தது. நான்கு வரிதானே, படித்துவிட்டால் முடிந்தது என்று வாங்கி பைபிளுக்குள் வைத்துக்கொண்டேன். மனப்பாடம் கூடச் செய்தேன். கணவரிடம் சொன்னபோது அவர் தன் மாவுக்கட்டுக் காலையே பார்த்துக்கொண்டிருந்தார்.

"அவிசுவாசின்னா நானா?" என்றார்.

"அது சும்மா ஒரு வார்த்தைங்க."

"செரி. உனுக்கு வேணும்னா படி" என்றார். அது எனக்கு உறைத்திருக்க வேண்டும், உறைக்கவில்லை.

மணல் அடுப்பு

பன் வேலை ஈஸ்டருக்கு முந்தின நாற்பது நாள் லெந்து காலம் தொடங்கும்போதே ஆரம்பித்துவிடும். கமலா ஆரஞ்சுத் தோலைச் சீவி, சர்க்கரைப் பாகில் போட்டு, பாட்டிலில் அடைத்து வைக்க வேண்டும். முட்டை கிடையாது, அது உபவாச காலம். பாலும் வெண்ணெயும் மட்டும். அப்போது ஈஸ்ட் கடையில் பொட்டலமாகக் கிடைக்காது. தேரடித் தெருவில் இருந்த பாய் பேக்கரியில், முந்தின நாள் பிசைந்த மாவில் ஒரு உருண்டை கேட்டு வாங்கி வருவேன். பாய் காசு வாங்க மாட்டார். "மாவுதானேம்மா, நாளைக்கி திரும்பவும் பொங்கும்" என்பார்.

மாமியார் இதையெல்லாம் மூக்கில் விரல் வைத்துப் பார்த்துக்கொண்டிருந்தார். மணலைச் சலித்துத் தந்தார். கிராம்பையும் ஜாதிக்காயையும் உரலில் இடித்துத் தந்தார். "இதுக்கு இத்தினி பாடா? ரெண்டு களி உருண்ட கிண்டிப் போட்டா தின்னுட்டுப் போறாங்க" என்றார்.

புனித வெள்ளி எப்போதும் பௌர்ணமியை ஒட்டித்தான் வரும். அந்த வருடம் அன்றைக்கே பௌர்ணமி. மாமியார் மலையைச் சுற்றி வந்து, விடியலில் குளித்து, நெற்றி நிறைய விபூதியோடு அடுப்படிக்கு வந்தார். அவருக்கும் அன்று விரதம், எனக்கும் விரதம். ஒரே வீட்டில் இரண்டு பட்டினி.

மாவு உப்பி வருகிற நேரம் பார்த்துத் தெருக்குழாயில் தண்ணீர் வந்துவிட்டது. இரண்டு நாள் கழித்து வருகிற தண்ணீர், விட்டால் அவ்வளவுதான். குடங்களைத் தூக்கிக்கொண்டு ஓடும்போது சொன்னேன்: "அத்தை, அந்தக் கிண்ணத்துல மைதாவக் கரைச்சி வெச்சிருக்கேன். பன் மேல கோடு போட்டு, குண்டான்ல வெச்சிடுங்க."

சிலுவை என்று நான் சொல்லவில்லை. பக்கத்தில் காகிதக் கூம்பு சுருட்டி வைத்திருந்தேன், அதைப் பார்த்தாலே புரியும் என்று நினைத்தேன். அவர் கூம்பைத் தொடவே இல்லை. கிண்ணத்தில் மூன்று விரலை விட்டார், உருண்டையாக இருந்ததன் மேல் ஒரு இழுப்பு இழுத்தார். நாற்பது வருடமாகப் பிள்ளைகள் நெற்றியில் தினமும் காலையில் செய்கிற வேலை. அறுபதையும் முடிக்க அவருக்குக் கால் மணி நேரம் கூட ஆகியிருக்காது.

ஏணி

கணவர் கட்டிலில் இருந்தபடி எட்டிப் பார்த்தார். சிரிப்பை அடக்கப் பார்த்தார், முடியவில்லை.

"நெடுக்கால ஒரு கோடு இழுத்துடு. செரியாப் பூடும்" என்றார்.

சுடாத பன் ஒன்றில் இழுத்துப் பார்த்தேன். சிலுவை வரவில்லை. ஏணி வந்தது. துடைத்துப் பார்த்தேன், உப்பியிருந்த மாவு சப்பென்று அமுங்கிவிட்டது. மறுபடி பிசையலாம் என்றால் மைதா இல்லை, நேரமும் இல்லை.

மாமியாரின் முகம் மாறிவிட்டது. "இன்னா ரூபி? தப்பாப் பூட்டுச்சா?"

அந்த நிமிடத்தை நான் நன்றாக நினைவு வைத்திருக்கிறேன். மூன்று வருடம் என் வீட்டுப் பச்சைத் தண்ணீர் குடிக்காத பெண், என் சாமிக்கு என்று நான் சுடுகிற பன்னுக்குத் தன் சாமிக்குச் செய்கிற மரியாதையைச் செய்திருக்கிறார். இதைத் தப்பு என்று எந்த வாயால் சொல்வது?

"ஒண்ணும் தப்பு இல்ல அத்தை. அடுத்த குண்டானை வைங்க" என்றேன்.

புங்கமரத்தடி

ஆளுக்கொரு கூடையாகச் சர்ச்சுக்குத் தூக்கிப் போனோம். மாமியார் வெளித் தாழ்வாரத்தில் கூடைகளுக்குக் காவலாக உட்கார்ந்துகொண்டார். நான் உள்ளே போனேன். பன்னிரண்டு முதல் மூன்று வரை, இயேசு சிலுவையில் சொன்ன ஏழு வார்த்தைகளின் பிரசங்கமும் கேட்டேன். வெயிலில் கூரை ஓடு சுட்டது. பாதி சபை தூங்கிவிட்டது.

ஆராதனை முடிந்து வெளியே வந்தால், செயலர் கூடைத் துணியைத் தூக்கிப் பார்த்துக்கொண்டிருந்தார். பன் தீய்ந்திருந்தால் கூட ஒருவர் முகம் அப்படிப் போகாது.

"இன்னாம்மா இது? ஆண்டவர் மரிச்ச நாள்ல பட்டை போட்டு எடுத்துனு வந்திருக்கே?"

மாமியார் எழுந்து நின்றார். "நான்தாங்க போட்டேன். தண்ணி புடிக்கப் போச்சு அந்தப் பொண்ணு. வெவரம் தெரியாத போட்டுட்டேன், மன்னிச்சிக்கோங்க."

செயலர் அவர் பக்கம் திரும்பவே இல்லை. என்னைப் பார்த்து, "இந்தக் கூடை சர்ச்சு காம்பவுண்டுல இருக்கக் கூடாது. ஞாயித்துக்கெழம படிக்கிறியே, அதுல இதையும் ஒரு வரி சேத்துக்கோ. புருஷன் வீட்டுப் பழக்கத்த இனிமே தொட மாட்டேன்னு" என்றார்.

என் மாமியார் ஒரு மனிதரிடம் மன்னிப்புக் கேட்டு நிற்கிறார். அந்த மனிதர் அவரை ஆளாகவே மதிக்கவில்லை. அப்போதுதான் எனக்கு உறைத்தது. அந்த நான்கு வரியில் என் கணவரையும் நான் இப்படித்தான் நடத்தப் போகிறேன்.

"வாங்க அத்தை" என்று கூடையைத் தூக்கினேன். கேட்டுக்கு வெளியே, புங்கமரத்தடியில் இரண்டு கூடையையும் இறக்கி, துணியை விலக்கி உட்கார்ந்தேன். ரோடு அரசாங்கத்து ரோடு. அங்கே கமிட்டி தீர்மானம் செல்லாது.

முதலில் வந்தது ஆஸ்பத்திரியில் ஆயாவாக இருந்த ஒரு அம்மாள். பன்னைத் திருப்பித் திருப்பிப் பார்த்தார். "காலையிலேர்ந்து பச்சத் தண்ணி பல்லுல படல. குடுடி" என்று வாங்கி, அங்கேயே நின்று தின்றார். அவரைப் பார்த்து இன்னும் சிலர் வந்தார்கள். நிறையப் பேர் வரவில்லை. என் பள்ளிக்கூடத் தோழிகள் இரண்டு பேர் தலையைக் குனிந்துகொண்டு தாண்டிப் போனார்கள். அது வலித்தது.

பாதிக்கு மேல் மிஞ்சிவிட்டது. வீடு திரும்பும் வழியில் கிரிவலம் போகிறவர்கள் நாலைந்து பேராக வந்துகொண்டிருந்தார்கள். இப்போது போல அப்போது கூட்டம் கிடையாது. மாமியார் கூடையை இறக்கி, கூப்பிட்டுக் கொடுக்க ஆரம்பித்தார். மூன்று கோட்டைப் பார்த்ததும் வாங்கியவர்கள் கண்ணில் ஒற்றிக்கொண்டார்கள்.

"பிரசாதம் இல்ல சாமி. கிறிஸ்துவங்க பன்னு. என் மருமவ சுட்டது" என்று ஒவ்வொருவரிடமும் சொன்னார். அவர்கள் அரோகரா சொல்லிவிட்டுச் சாப்பிட்டார்கள். என் மருமகள் என்று அவர் சொல்லி நான் கேட்டது அன்றைக்குத்தான் முதல் தடவை.

ஈஸ்டர் காலை

"நான் படிக்கப் போறதில்லைங்க" என்று கணவரிடம் சொன்னேன்.

"உனுக்கு அது வேணும்னு ஆசப்பட்டியே?"

"வேணும். இப்பவும் வேணும். ஆனா உங்களைக் கட்டினதுக்கு வெட்கப்படறேன்னு சொல்லித்தான் வாங்கணும்னா, நான் பட்டினியாவே இருந்துக்கறேன்." சொல்லும்போதே அழுதுவிட்டேன். வீறாப்பாகச் சொல்ல வேண்டும் என்று நினைத்த பேச்சு.

ஈஸ்டர் ஆராதனையில் பந்திக்கு முன் செயலர் என் பேரைக் கூப்பிட்டார். முன்னால் போனேன். சபை முழுவதும் புதுத் துணியோடு பார்த்துக்கொண்டிருந்தது.

"நான் ஏழுமலையைக் கட்டினேன். அது பாவம் இல்லை. அதனால மன்னிப்பு கேட்க ஒண்ணும் இல்லை. எனக்கு அப்பம் வேணும், அதுக்காக வந்திருக்கேன்" என்று சொல்லிவிட்டு, தாளைச் செயலர் கையில் திருப்பிக் கொடுத்தேன். பலிபீடத்துக்கு முன்னால் இருந்த தடுப்புக் கட்டையின் ஓரத்தில் முழங்கால் படியிட்டேன்.

பாஸ்டர் ஐயா நல்ல மனிதர், ஆனால் கமிட்டிக்குப் பயந்தவர். முதல் பந்திக்காரர்கள் வந்து என் பக்கத்தில் வரிசையாக முழங்கால் படியிட்டார்கள். அவர் அப்பத் தட்டோடு வந்தார். எனக்கு முன்னால் ஒரு வினாடி நின்றார். தாண்டிப் போனார்.

நான் எழுந்திருக்கவில்லை. இரண்டாம் பந்தி வந்தது. தாண்டிப் போனார். மூன்றாம் பந்தி. முழங்கால் மரத்துவிட்டது. ஆசீர்வாதம் சொல்லி, மணி அடித்து, எல்லோரும் வெளியே போனார்கள். நான் அங்கேயே இருந்தேன்.

ஜெபித்துக் கொடுத்த அப்பத்தில் மிச்சம் வைக்கக் கூடாது, அன்றே தீர்த்துவிட வேண்டும் என்பது எங்கள் சர்ச்சு முறை. காலிச் சர்ச்சில் பாஸ்டர் ஐயா தட்டில் இருந்த கடைசித் துண்டுகளை எடுத்துக்கொண்டு என்னிடம் வந்தார்.

"யாரும் இல்லம்மா. மிச்சம் இருக்குது, நீ வாங்கிக்கோ. நான் யார்கிட்டயும் சொல்ல மாட்டேன்" என்றார்.

மூன்று வருடப் பசி. கைக்கு எட்டுகிற தூரத்தில் அது இருந்தது. நான் இரண்டு கையையும் பின்னால் கட்டிக்கொண்டேன். இல்லாவிட்டால் வாங்கியிருப்பேன்.

"மிச்சம் வேணாம் ஐயா. பந்தியில குடுங்க. அடுத்த மாசம் வரேன்."

முதல் ஞாயிறுகள்

அடுத்த மாதம் போனேன். முதல் பந்தியிலேயே போய் முழங்கால் படியிட்டேன். தாண்டிப் போனார். அதற்கு அடுத்த மாதமும் போனேன். கமிட்டி கூடியது, என்னை உட்காரச் சொல்லி ஆள் அனுப்பியது, நான் காதிலேயே போட்டுக்கொள்ளவில்லை. மகனின் கால் கட்டைப் பிரித்த பிறகும் மாமியார் ஊருக்குப் போகவில்லை. மாதா மாதம் நான் திரும்பி வரும்போது வாசலில் நின்று, "குட்த்தானா?" என்று கேட்பார். இல்லை என்பேன். "செரி, வா சாப்புட" என்பார்.

மழைக்காலம் வந்துவிட்டது. ஒரு முதல் ஞாயிறு, ஈரப் புடவையோடு முதல் பந்தியில் முழங்கால் படியிட்டேன். என் இடது பக்கத்தில் புங்கமரத்தடிக்கு முதலில் வந்த ஆயாம்மா. பாஸ்டர் ஐயா அவருக்கு அப்பத்தை நீட்டினார். அந்த அம்மாள் வாயைத் திறக்கவில்லை, கையையும் நீட்டவில்லை.

"மொதல்ல இவளுக்குக் குடுங்க" என்றார், சபை முழுவதும் கேட்கிற மாதிரி.

பாஸ்டர் ஐயா அந்த அம்மாளைப் பார்த்தார், என்னைப் பார்த்தார். திரும்பிச் செயலரை மட்டும் பார்க்கவில்லை. என் உள்ளங்கையில் அப்பத்தை வைத்தார்.

பின்னாலேயே ரசக் கிண்ணத்தோடு வந்துகொண்டிருந்தவர் செயலர்தான். அப்பம் வாங்கியவருக்குக் கிண்ணத்தை மறுக்க முறை இல்லை. நீட்டினார். அவர் கண்ணைப் பார்த்துக்கொண்டே குடித்தேன்.